எண்ணெய்ச் சட்டி ஏறாத கிறிஸ்துமஸ்

பாக்கியமேரியைப் பிடிவாதக்காரி என்று எங்கள் தெருவில் சொல்வார்கள். சொல்லிவிட்டுப் போகட்டும். பக்கத்து வீட்டிலேயே இருக்கிற எனக்குத் தெரியாதா அவள் எதற்காகப் பிடிவாதம் பிடிக்கிறாள் என்று?

எல்லாம் அவள் புருஷன் அடைக்கலராஜுக்காகத்தான். திண்டிவனம் பஸ் ஸ்டாண்டு பக்கம் பஞ்சர் கடை வைத்திருக்கிறார். சர்க்கரை வியாதி. போன ஆடியில் கால் கட்டைவிரலை எடுத்துவிட்டார்கள். வாயைக் கட்டாவிட்டால் அடுத்தது பாதம், அதற்கப்புறம் உயிருக்கே உத்தரவாதம் இல்லை என்று டாக்டர் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார். மனிதர் அசர வேண்டுமே! டீக்கடையில் கிரீம் பிஸ்கட்டை நனைத்து நனைத்துத் தின்றுகொண்டுதான் இருந்தார். கேட்டால், வெறும் டீயை எப்படிக் குடிப்பதாம்.

அப்படியா சங்கதி, நானே சுட்டுத் தருகிறேன் என்று கிளம்பினாள் பாக்கியமேரி. ஜாக்கெட் தைத்துச் சம்பாதிக்கிறவள் ஓவனுக்கு எங்கே போவாள்? குக்கரில் கேஸ்கெட்டையும் விசிலையும் கழற்றிவிட்டு, அடியில் கல்லுப்பைக் கொட்டிச் சூடாக்கி, அதன்மேல் தட்டை வைத்தாள். ஓட்ஸ், மில்லில் அரைத்துச் சலிக்காத கோதுமை மாவு, வறுத்துப் பொடித்த மல்லாட்டை என்கிற வேர்க்கடலை, சீரகம், உப்பு, கொஞ்சம் வெண்ணெய். சர்க்கரை ஒரு சிட்டிகைகூட இல்லை.

முதல் தடவை வந்தது பிஸ்கட் இல்லை, ஓட்டாஞ்சில்லு. கோதுமை மாவைப் பார்த்தால் நம் கை சும்மா இருக்குமா? சப்பாத்திக்குப் பிசைகிற மாதிரி தண்ணீர் விட்டு அழுத்திப் பிசைந்து, ஈரத்துணி போட்டு ஊறவும் வைத்திருக்கிறாள். அடைக்கலராஜ் கடித்துப் பார்த்துவிட்டு, விரல் போனது போதாதா, பல்லும் போகணுமா என்று கேட்டார். அவளுக்கு வந்ததே கோபம்! மறுநாள் வெண்ணெயை மாவில் விரலால் பிசறி, பால் தெளித்து, பிடித்தால் பிடிபடுகிற பதம் வந்ததுமே கையை எடுத்துவிட்டாள். பொறபொறவென்று வந்தது. ஆஹா ஓஹோ என்று நான் சொல்ல மாட்டேன், ஆனால் டீக்கு நன்றாக இருந்தது. அவருக்கு இரண்டுதான் கணக்கு. மூன்றாவதுக்குக் கை நீட்டினால் டப்பாவை மூடிவிடுவாள்.

வம்பு கிறிஸ்துமஸில் வந்தது. அவர்கள் வீட்டு அதிரசம் வருஷா வருஷம் தெரு முழுக்கப் போகும். இந்த வருஷம் எண்ணெய்ச் சட்டியே ஏறாது, எல்லாருக்கும் இந்த பிஸ்கட்தான் என்று சொல்லிவிட்டாள். வீட்டில் அதிரசம் இருந்தால் அவர் கை அங்கேதான் போகும், அது அவளுக்குத் தெரியும். தெருவில் சிரித்தார்கள். ஆஸ்பத்திரி பலகாரம் என்றார்கள். அவள் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு வீடு வீடாகப் போய்க் கொடுத்துவிட்டு வந்தாள்.

மத்தியானம் அடைக்கலராஜின் தங்கை வெனிலா முகையூரிலிருந்து ஒரு டின் அதிரசத்தோடு வந்து இறங்கினாள். நான் அப்போது அங்கேதான் இருந்தேன். வந்ததும் வராததுமாக அண்ணன் முன்னால் டின்னைத் திறந்து வைத்தாள். வெல்லப்பாகு வாசனை கூடம் முழுக்க ஏறியது. அவர் கண் அதைவிட்டு நகரவில்லை.

"எழவு வுழுந்த வூட்லதான் அண்ணி, பண்டிகைக்கு எண்ணெச் சட்டி வெக்க மாட்டாங்க. சொந்தக்காரங்கதான் பலகாரம் கொண்டாந்து குடுப்பாங்க. எங்கண்ணன் குத்துக்கல்லாட்டம் உக்காந்துக்கினு இருக்கும்போதே நான் கொண்டார வேண்டியதாப் போச்சு," என்றாள் வெனிலா. அண்ணன் என்றால் அவளுக்கு உயிர், அதையும் சொல்ல வேண்டும்.

அடைக்கலராஜின் கை டின்னுக்குள் போனது. எனக்குத்தான் அதைத் தட்டிவிடலாமா என்று பற்றிக்கொண்டு வந்தது. பாக்கியமேரி தடுக்கவில்லை.

"எழவு வுழக் கூடாதுன்னுதான் வெனிலா, நான் வெக்கல," என்றாள். "ஊரு என்னா வேணா பேசட்டும். அடுத்த கிறிஸ்துமஸுக்கு நீ வரும்போது உங்கண்ணன் இங்க உக்காந்துக்கினு இருக்கணும்."

அதிரசத்தை எடுத்த கை அப்படியே நின்றது. பிறகு அவர் அதைத் திரும்ப உள்ளே போட்டு, டின்னை மூடி, தங்கையின் மடியில் வைத்தார்.

"நான் இருக்கணும்மா," என்றார். "நீ எடுத்துக்கினு போ."