ஆமை விளக்கு

அப்பா பானெட்டின் மேல் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருக்கிறார். ஒவ்வொரு சவாரிக்கும் ஒரு வாளி. மின்சாரக் காரின் பேட்டரி அங்கே இல்லை, இருக்கைகளுக்குக் கீழே தரையில் இருக்கிறது என்று நூறு தடவை சொல்லியாயிற்று. "தல குளிர்ந்தா உடம்பும் குளிரும்மா" என்பார்.

வாடகைக் கார் ஓட்டுகிறார். வயது அறுபத்திரண்டு. சட்டைப் பையில் மூன்று பேனாக்கள்; எதுவும் எழுதாது. ஹாரன் அடிப்பவருக்கு வழிவிட மாட்டார். அடிக்காதவருக்கு உடனே ஒதுங்குவார். ஏறுகிற பயணிகள் எல்லோரிடமும் என்னைப் பற்றிப் புகார் வாசிப்பார். "எம்பொண்ணு பேட்டரி சூட்ட தணிக்கிற இன்ஜினியர். ஊர்ல இருக்குற வண்டியெல்லாம் பாக்குறா. அப்பன் வண்டின்னா மட்டும் அவளுக்கு லீவு கெடைக்காது."

கோடை தொடங்கியதிலிருந்து டாஷ்போர்டில் ஆமைப் படம் போட்ட மஞ்சள் விளக்கு எரிகிறது. பேட்டரி சூடேறினால் கார் தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொள்ளும், அதற்கான எச்சரிக்கை. போன வாரம் மேம்பாலத்து ஏற்றத்தில், பின்னால் லாரி உரசுகிற மாதிரி வர, கார் நடை வேகத்துக்கு இறங்கிவிட்டது. கேட்டால் வெயில் சரியில்லை, சார்ஜ் போடுகிற இடம் சரியில்லை, கம்பெனிக்காரன் சரியில்லை. அவர் ஒருவர்தான் சரி.

ஞாயிற்றுக்கிழமையையே அவருக்காகப் போட்ட லீவாக வைத்துக்கொண்டு, லேப்டாப்பைக் காரோடு இணைத்துப் பார்த்தேன். பேட்டரி ஐம்பத்தாறு டிகிரி. விசிறி முழு வேகத்தில் சுற்றுகிறது, காற்றுதான் போகவில்லை. இந்த வண்டியில் பின்னிருக்கையின் ஓரத்தில் ஒரு சின்னச் சல்லடை உண்டு. காருக்குள் இருக்கும் குளிர்ந்த காற்றை விசிறி அதன் வழியாகத்தான் பேட்டரிக்கு இழுக்கும். கதவைத் திறந்தேன். அந்தச் சல்லடைக்குள் அம்மாவின் சாம்பல் நிறச் சால்வை, விரல் நுழையாதபடி திணிக்கப்பட்டிருந்தது.

"அதுல கை வெக்காத" என்றார் அப்பா.

சிகிச்சைக்குப் போகும்போதும் வரும்போதும் அம்மா அந்தப் பக்கம் தலைவைத்துத்தான் படுத்திருப்பாள்.

"உங்கம்மாவுக்கு அந்த விசிறிச் சத்தம் ஆகாது."

பேட்டரி கெடத் தொடங்கிவிட்டது, இன்னொரு கோடை தாங்காது, அது போனால் தொழிலும் போகும் என்று எண்களோடு விளக்கினேன். வாளியை எடுத்துக்கொண்டு குழாய்ப் பக்கம் நடந்தார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"அம்மா இல்லப்பா."

நான்கு மாதத்தில் எங்கள் இருவரில் யாரும் வாய்விட்டுச் சொல்லாதது.

வாளியைக் கீழே வைத்தார். திரும்பி வந்து சால்வையை அவரே உருவினார். ஒரே இழுப்பில் வரவில்லை. வந்ததும் விசிறியின் உறுமல் கார் முழுக்க நிறைந்தது. அப்பா செருப்பைக் கழற்றிவிட்டுப் பின்னிருக்கையில் ஏறினார். முழங்காலை மடக்கிப் படுத்து, சல்லடையோடு காதை ஒட்டிக்கொண்டு, கதவைச் சாத்தச் சொல்லிக் கையை அசைத்தார்.