அசைந்தவன் அவுட்

அந்தமான் வண்டூரில் நான் வேலை பார்க்கும் ரிசார்ட்டில் அந்தப் பொம்மையைச் செய்து நிறுத்தியது மேனேஜரின் யோசனை. கொரியாக்காரர்கள் எடுத்த அந்தத் தொடரைத் தீவில் பார்க்காதவர்கள் அப்போது குறைவு. கடலுக்கடியில் கேபிள் வந்து நெட் ஒருவழியாக ஓடத் தொடங்கியிருந்தது. அதற்கு முன்பென்றால் மெயின்லாந்திலிருந்து யாராவது பென்டிரைவில் கொண்டுவந்தால்தான் உண்டு. எங்கள் அம்மாகூட என் போனில் பார்த்தாள். நொடித்துப்போன மனிதர்களைக் கூட்டிவந்து, சின்னப்பிள்ளைகளின் விளையாட்டுகளை ஆடவைத்து, தோற்பவர்களைச் சுட்டுத் தள்ளுகிற கதை. பாதியிலேயே போனைத் திருப்பிக் கொடுத்துவிட்டாள்.

"வெளாட்டுல தோத்தா வீட்டுக்குத்தான மக்கா போவணும்? இவனுவ ஏன் சுடுதானுவ?"

"கதைம்மா."

"நல்ல கதை."

மேனேஜருக்கு அந்தக் கதையில் முதல் விளையாட்டு மட்டும் போதுமாக இருந்தது. ஒரு பெரிய பெண்பிள்ளைப் பொம்மை முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கும். அது பாடும்வரை எல்லோரும் அதை நோக்கி ஓடலாம். பாட்டு நின்று, தலை திரும்பும்போது சிலையாகிவிட வேண்டும். அசைந்தவன் செத்தான். மெயின்லாந்துக் கம்பெனிகள் தங்கள் ஆட்களைக் கூட்டமாக அழைத்துவரும் சீசன் அது. படகில் போய்ப் பவளப்பாறை பார்த்துவிட்டு வந்தபிறகு மாலையில் அவர்களுக்கு என்ன காட்டுவது என்று மேனேஜர் தலையைச் சொறிந்துகொண்டிருந்தார். பொம்மை கிடைத்ததும் தெம்பாகிவிட்டார்.

தண்ணீர் டிரம்முக்குப் பழைய திரைச்சீலையால் பாவாடை கட்டினோம். தலைக்குத் தெர்மாகோல். திரும்ப வேண்டுமே என்று ஃப்ரண்ட் ஆபீஸிலிருந்து சுழல் நாற்காலியைத் தூக்கி வந்து அதன்மேல் உட்காரவைத்தோம். மணலில் சக்கரம் புதைந்தது. கீழே பலகை போட்டதும் சரியாகச் சுழன்றது.

அப்போது கணவனோடு தங்கியிருந்த கொரியப் பெண் ஒருத்தி வந்து அதைச் சுற்றிச் சுற்றிப் பார்த்தாள். சிறுவயதில் அவளும் தெருவில் அதை ஆடியவளாம். உடைந்த ஆங்கிலத்தில், கையையும் காலையும் வைத்து, எனக்கு விளக்கினாள். அவர்கள் ஊரில் அசைந்து மாட்டுகிறவன் சாகமாட்டான். பாடுகிறவளின் சுண்டுவிரலைப் பிடித்துக்கொண்டு ஓரமாக நிற்பான். அடுத்து மாட்டுகிறவன் அவன் விரலைப் பிடிப்பான். இப்படிச் சங்கிலியாக நிற்பார்களாம். மாட்டாமல் வந்து சேர்கிற ஒருவன் அந்தக் கைகளைத் தட்டிப் பிரித்துவிட்டால் அத்தனை பேரும் தப்பி ஓடலாம்.

எனக்குச் சட்டென்று புரிந்தது. நாங்கள் ஆடிய பர்ஃப்-பானியும் அதுதானே. "பர்ஃப்" என்று தொட்டால் பனிக்கட்டியாக உறைந்து நிற்க வேண்டும். கூட ஆடுகிறவன் ஓடிவந்து "பானி" என்று தொட்டால் தண்ணீராய் உருகி மறுபடி ஓடலாம். வங்காளிப் பையன், தெலுங்குப் பையன், நான், எல்லோரும் ஒருவரையொருவர் உருக்கிவிட்டுக்கொண்டே இருப்போம். விளையாட்டு முடியவே முடியாது. காப்பாற்றும் பங்கை வெட்டியெடுத்துவிட்டுத்தான் தொடர் எடுத்திருக்கிறார்கள். மேனேஜரிடம் சொன்னேன். "அரே, அதெல்லாம் வெச்சா கேம் எப்ப முடியும்? டின்னர் லேட் ஆயிடும்," என்றார். எங்கள் தமிழ்க் கூட்டத்தோடு பழகிப் பழகி அவருக்கும் அந்தமான் தமிழ் கொஞ்சம் வந்திருந்தது.

இனி அந்த நாற்காலியைப் பற்றிச் சொல்ல வேண்டும். ஃப்ரண்ட் ஆபீஸில் இருந்த பெண் கல்யாணமாகிச் சென்னைக்குப் போய்விட்டாள். இடம் காலி. நான் படகு கவுன்டரில் இருந்தேன். லைஃப் ஜாக்கெட் மாட்டிவிடுவது, பயப்படும் விருந்தினரின் கையைப் பிடித்துப் படகில் ஏற்றுவது, இறக்குவது, மாலையில் ஜாக்கெட்டுகளை அலசிக் காயப்போடுவது. எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடம் போனது நான்தான். அப்பாவின் அப்பா தூத்துக்குடிக் கரையிலிருந்து வந்தவர், கடலைத் தவிர வேறு தெரியாது. அப்பாவுக்கும் அப்படியே. நான் போர்ட் பிளேருக்குத் தினமும் பஸ்ஸில் போய்வந்து பி.ஏ. முடித்தவன். விருந்தினரை வரவேற்கும் ஆங்கில வாக்கியங்களைக் குளியலறையில் சொல்லிப் பழகி வைத்திருந்தேன். "உன் இங்கிலீஷ் அச்சா ஹை, பார்க்கலாம்," என்று மேனேஜர் சொல்லியிருந்தார். அதை வீட்டில் சொன்னேன். மறுநாள் ஜங்லிகாட் சந்தைக்குப் போன அப்பா எனக்கு ஒரு கறுப்பு ஷூ வாங்கி வந்தார். அளவு சரியாக இருந்தது.

போட்டிக்கு இன்னொருவன் இருந்தான். மெயின்லாந்தில் ஓட்டல் படிப்பு முடித்துப் புதிதாக வந்தவன். நல்ல பையன்தான், குறை சொல்ல எனக்கு ஒன்றுமில்லை.

விளையாட்டு நடந்த மாலையில் கம்பெனிக் கூட்டத்தில் பாதிப்பேர் ஆட வந்தார்கள், பாதிப்பேர் போனில் படமெடுக்க உட்கார்ந்துவிட்டார்கள். ஆள் போதவில்லை என்று எங்களையும் வெள்ளை டீஷர்ட் மாட்டி நிறுத்தினார்கள். நான், அந்தப் பையன், நாங்கள் தாதா என்று கூப்பிடும் வங்காளி செக்யூரிட்டி, சமையல்கட்டு ஆட்கள். சுடுவதற்கு ஹோலிக்கு வாங்கிய பிச்காரித் துப்பாக்கியில் சிவப்புச் சாயம். மேனேஜர் மைக்கில் எங்கள் இருவரையும் காட்டி, "இவங்க ரெண்டு பேருக்கும் ஒரே குர்சி. யார் ஜீத்தாலும் ஃப்ரண்ட் ஆபீஸ்," என்றார். ஜெயிப்பவனுக்கு நாற்காலி. எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். தாதா என் காதில், "மஜாக் கர் ரஹா ஹை, சும்மா தமாசு, பயப்படாத," என்றார்.

"ஹரி பத்தி," என்றார் மேனேஜர். பச்சை விளக்கு. ஓடினோம். "லால் பத்தி." சிவப்பு விளக்கு, பொம்மை திரும்பியது. நின்றோம். ஒரு சமையல்காரர் தும்மி, சாயத்தில் குளித்தார். கம்பெனிக்காரர்கள் வரிசையாக விழுந்தார்கள், சிலர் வேண்டுமென்றே, நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உருண்டு. கடைசியில் பொம்மைக்குப் பக்கமாக நாங்கள் சிலர்தான் நின்றோம். நான் முன்னால். அந்தப் பையன் என் தோளுக்குச் சற்றுப் பின்னால். இன்னும் ஒருமுறை பச்சை சொன்னால் தொட்டுவிடலாம். அந்த நேரத்தில் அது எனக்கு விளையாட்டாகப் படவில்லை.

"லால் பத்தி."

ஒற்றைக்காலை ஊன்றி நின்றேன். பொம்மைக்கு இடதுபக்கம் படகுகள் அணையும் ஜெட்டி. அதில் கட்டியிருந்த டிங்கிப் படகின் கயிறு நழுவுவது தெரிந்தது. போட்டோ எடுக்க அதில் ஏறியவர்களில் யாரோ அவிழ்த்துவிட்டு, திரும்பச் சும்மா சுற்றிவைத்திருக்க வேண்டும். படகுக்காரர்கள் வேறு கூட்டத்தோடு போயிருந்தார்கள். நீர் வற்றிக்கொண்டிருந்த நேரம். கயிறு ஒவ்வொரு சுற்றாக அவிழ்ந்து, முனை தண்ணீரில் விழுந்தது. படகின் மூக்கு மெல்ல வெளியே திரும்பியது.

யோசித்துப் போனேன் என்று சொன்னால் பொய். கால் போய்விட்டது. கடல்வேலைக்காரன் வீட்டில் பிறந்தவனுக்கு அவிழ்ந்த கயிறு கண்ணில் விழுந்த தூசி மாதிரி. கை தானாகப் போகும். முதலை வராமல் கடலில் கட்டியிருந்த வலைக்கு வெளியே படகு போய்விட்டால் பிறகு யாரும் இறங்க முடியாது. நெஞ்சளவுத் தண்ணீரில் பாய்ந்து முனையைப் பிடித்து, இழுத்து, ஜெட்டிக் கட்டையில் முடிச்சுப் போட்டுவிட்டுத்தான் திரும்பிப் பார்த்தேன்.

முகத்தில் சாயம் அடித்தது. மேனேஜர் மணலில் ஓடிவந்து பிச்காரியை என்மேல் காலி செய்துகொண்டிருந்தார்.

"சார், போட்டு..."

"மரா ஹுவா ஆத்மி பேசக் கூடாது," என்றார் மைக்கில். செத்தவன் பேசக்கூடாதாம். அப்புறம் கூட்டத்தைப் பார்த்து, "மச்லிவாலே கா பேட்டா. பானி தேக்கா, பாக் கயா."

மீன்காரன் மகன், தண்ணியைப் பார்த்தான், ஓடிட்டான். கம்பெனிக்காரர்கள் கைதட்டிச் சிரித்தார்கள். ஒரு பெண் நான் இறங்கியதிலிருந்து ஏறியதுவரை படமெடுத்திருந்தாள், தோழிக்குப் போட்டுக் காட்டினாள். அந்தப் பையன் அடுத்த பச்சையில் பொம்மையைத் தொட்டான். நான் செத்தவர்களின் வரிசையில் ஈரத்தோடு நின்றேன். "பானி" என்று தொட ஒருவரும் வரவில்லை.

தாதா துண்டு கொடுத்தார். "ரஸ்ஸி அவுந்து போறத நானும் பார்த்தேன் பேட்டா."

"அப்புறம் ஏன் தாதா சொல்லல?"

"கேம் சல் ரஹா தா நா." விளையாட்டு நடந்துகொண்டிருந்ததே. சொல்லிவிட்டுத் தரையைப் பார்த்தார்.

அந்த வாரமே அந்தப் பையன் டை கட்டிக்கொண்டு ஃப்ரண்ட் ஆபீஸில் உட்கார்ந்தான். நான் மேனேஜரிடம் போனேன். அவர் நிஜமாகவே ஆச்சரியப்பட்டார்.

"கேமை சீரியஸா எடுத்துக்கிட்டியா? அது சும்மா. ஆனா பார், ஃப்ரண்ட் ஆபீஸ்ல இருக்கிறவன் கெஸ்ட் முகத்தைப் பார்க்கணும். உன் கண்ணு இதர் உதர், அங்க இங்க போவுது."

படகு நஷ்டமாகாமல் மிஞ்சியது பற்றி அவர் எதுவும் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. சொன்னால் கூலி கேட்பது மாதிரி இருக்கும்.

வீட்டில் அப்பா சாப்பிட்டுக்கொண்டிருந்தார். நடந்ததைச் சொன்னேன். அவர் என் பக்கம் பேசுவார் என்று நினைத்தேன். வேறு யார் பேசினாலும் பேசாவிட்டாலும், ஒரு கயிற்றுக்காக இறங்கியவனை அவராவது புரிந்துகொள்வார் என்று.

"படவு யாருது?" என்றார்.

"ரிசார்ட்டுது."

"பொறவு ஒனக்கு என்ன சோலி?"

"போயிரும்லப்பா. வலையத் தாண்டிட்டா புடிக்க முடியாதுல்ல."

"போட்டும். அவன் படவு, அவன் தேடுதான். நீ அவன் பொம்மைக்கு முன்னால நிக்கணும்னா நின்னுட்டுப் போ. நிக்கத்தான ஒன்னப் படிக்க வச்சது? அடுத்தவன் கயித்தப் புடிக்க நான் ஒருத்தன் போதாதா?"

அம்மா, "சோத்துல இருக்கும்போது..." என்றாள். அவர் கேட்கவில்லை.

எனக்கும் கோபம் வந்தது. "சின்னதுல கயித்த வுட்டேன்னு கரையில வச்சு எல்லார் முன்னாடியும் அடிச்சீங்கள்ல?"

அப்பா கையை உதறினார். "அது நம்ம படவாக்கும்," என்றார்.

அந்தப் படகு இப்போது எங்களிடம் இல்லை. நான் காலேஜ் முடிப்பதற்குள் அது கைமாறிவிட்டது. அவர் இன்று அதிலேயே கூலிக்குப் போகிறார். அன்றிரவே ஷூ பெட்டியை அம்மா அலமாரிக்கு மேலே ஏற்றிவைத்தாள்.

அடுத்த கம்பெனிக் கூட்டம் வந்தபோது மேனேஜர் படகு கவுன்டருக்கே வந்தார். முகமெல்லாம் மலர்ச்சி. அந்தப் பெண் எடுத்த வீடியோவை நிறையப் பேர் பார்த்திருக்கிறார்களாம். புதுக் கூட்டமும் கேட்கிறதாம்.

"அந்த ரஸ்ஸி சீன். ரிபீட் பண்ணு. கேம் ஆரம்பிக்கிறதுக்கு முன்னாடி நீயே லூஸா கட்டி வெச்சிடு. லாஸ்ட்ல ஓடு. நான் சுடறேன். டீக்?"

"டீக் சார்," என்று தலையாட்டினேன். வேறென்ன சொல்வது? மழைக்காலம் வருகிறது, அப்போது யாரை நிறுத்துவார்கள், யாரை வைத்துக்கொள்வார்கள் என்று அவருக்குத்தான் தெரியும்.

ஜெட்டியில் குனிந்து கயிற்றை எடுத்தேன். நழுவுகிற மாதிரி முடிச்சுப் போட என் கைக்கு வரவில்லை. போட்டேன், இறுகியது. அவிழ்த்துத் தளர்த்திப் போட்டேன். அதற்குள் கூப்பிட்டுவிட்டார்கள்.

பச்சை, சிவப்பு, பச்சை. பொம்மை கடைசியாகத் திரும்பியது. எல்லோரும் சிலையாக நின்றார்கள். மேனேஜர் கண்ணால் என்னைத் தேடினார். நான் ஜெட்டியைப் பார்த்தேன். கயிறு அவிழவில்லை. படகு கட்டிய இடத்திலேயே அசையாமல் நின்றது.

அவிழாத கயிற்றை நோக்கி ஓடினேன்.