சொல்லக் கூடாத பெயர்

என் வீட்டுக்காரர் திருப்பதி சாமிக்கு வேண்டிக்கொண்டு பெற்ற பிள்ளை. அவருக்கு முன்னால் பிறந்த இரண்டு ஆண் பிள்ளைகளும் தங்கவில்லை. அதனால் அந்தச் சாமிக்கு எத்தனை மலைகளோ அந்த எண்ணையும் மலையையும் சேர்த்து அவருக்குப் பெயர் வைத்தார்கள். எங்கள் பக்கம் தெருவுக்கு ஒருவருக்காவது இருக்கும் பெயர்தான். ஆனால் நான் சொல்ல மாட்டேன். இங்கே எழுதவும் போவதில்லை.

என் பெயருக்கும் காரணம் உண்டு. பிறந்த ஊரான பிரம்மதேசத்தில் நான் எங்கள் அப்பாவுக்கு நான்காவது பெண். இனிப் பெண் வேண்டாம் என்று சாமிக்கு உறைக்கட்டும் என்று ‘வேண்டா’ என்றே வைத்துவிட்டார்கள். அடுத்து தம்பி பிறந்தான். “பேர் பலிச்சிருச்சி” என்று ஊரே சொன்னது. அதைக் கேட்டு வளர்ந்தவள் நான். பெயர் சும்மா கூப்பிடுவதற்கு மட்டும் இல்லை, அது எதையாவது செய்துவிடும் என்ற பயம் அப்போதே எனக்குள் புகுந்துவிட்டது.

கல்யாணமாகி மரக்காணம் வந்ததும் அவருடைய அக்கா என்னைத் தனியாக உட்கார வைத்துச் சொன்னாள். “தம்பி பேர வாயால சொல்லிடாத. பின்னாடி தெருவுல ஒருத்தி சண்டையில புருசன் பேரச் சொல்லித் திட்டிட்டா. அந்த வாரமே உப்புப் பாத்தில பாம்பு கடிச்சி செத்துப் பூட்டான்.”

நான் பத்தாவது படித்தவள். வேறு யாராவது சொல்லியிருந்தால் சிரித்திருப்பேன். அவள் முகத்தில் சிரிப்பே இல்லை. அன்றிலிருந்து கடையில் ஏழு முட்டை வேண்டுமென்றால் “ஆறும் ஒண்ணும் குடுங்க” என்பேன். கடைக்காரருக்கு விஷயம் புரிந்துவிடும். “மலைக்கு எப்ப போறீங்க?” என்று வேண்டுமென்றே வாயைக் கிளறுவார்.

அந்த டிசம்பரில் கடல் ஊருக்குள் வந்தது. அதற்கு எங்களிடம் பெயர் இல்லை. “கடல் பொங்கிடுச்சி” என்றுதான் மீனவர் குப்பத்திலிருந்து ஓடிவந்தவர்கள் கத்தினார்கள். சுனாமி என்ற சொல் பிறகுதான் டீவியில் வந்தது. பேசக் கற்ற குழந்தைகூட அதைச் சொல்லத் தொடங்கியது. எங்கள் தெருவுக்குத் தண்ணீர் வரவில்லை. ஆனால் அவர் வேலை செய்யும் உப்பளத்தில் வரப்புகள் கரைந்து பாத்தியெல்லாம் சேறாகிவிட்டது. சில நாட்களில் அவர் வரப்புக் கட்ட வேலைக்குப் போனார். நான் அப்போது மாசமாக இருந்தேன்.

அப்படி ஒரு நாள் பகலில் உலை வைத்திருந்தேன். தெருவில் ஒரு கூச்சல். “கடல் திரும்பி வருதாம்! ஓடுங்க!” அடுப்பை அணைத்தேனா என்றுகூட ஞாபகமில்லை. பக்கத்து வீட்டுக்காரி என் கையைப் பிடித்து இழுத்தாள். அவர் இருக்கும் உப்பளம் கிழக்கே, ஜனம் ஓடுவது மேற்கே. நான் திரும்பித் திரும்பிப் பார்த்தேன். யாரோ என்னைத் தூக்கி ஒரு லாரியில் போட்டார்கள். திண்டிவனம் ரோட்டில் ஒரு கல்யாண மண்டபத்தில் இறக்கிவிட்டார்கள்.

அங்கே ஒருவர் மைக்கைப் பிடித்துக்கொண்டு காணாமல் போனவர்களைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். என் முறை வந்தது.

“யாரம்மா தேடுற?”

“எங்க வூட்டுக்காரர.”

“பேர் இன்னா?”

வாய் திறக்கவில்லை. பின்னால் நின்றவர்கள் தள்ளினார்கள்.

“பேரச் சொன்னாதானம்மா கூப்பிட முடியும்?”

“உப்பளத்துல வேல செய்யறாரு. கறுப்பா, உயரமா இருப்பாரு.”

“இங்க எல்லாருமே அப்பிடித்தான் இருக்காங்க.”

சொன்னால் அவர் ஆயுசுக்கு ஆபத்து. சொல்லாவிட்டால் அவர் இந்தக் கூட்டத்திலேயே இருந்தாலும் எனக்குத் தெரியாது. தாலியைக் கையில் இறுக்கிக்கொண்டு, கண்ணை மூடிக்கொண்டு சொன்னேன். என் குரலில் அந்தப் பெயரை அன்றுதான் முதலில் கேட்டேன். மைக்குக்காரர் என் பெயரையும் கேட்டுக்கொண்டு, வீட்டுக்காரர் பெயரை மண்டபம் அதிரச் சொன்னார். “உங்க சம்சாரம் வேண்டா இங்க இருக்காங்க!” அந்தப் பெயருள்ள ஆண்கள் பல பக்கத்திலிருந்தும் எட்டிப் பார்த்தார்கள். ஒருவரும் அவர் இல்லை.

போய்விட்டார், நான் சொன்னதால்தான் போய்விட்டார் என்று நினைத்தேன். பக்கத்து வீட்டுக்காரி கொடுத்த தண்ணீரைக் கையில் வைத்துக்கொண்டு வாசலையே பார்த்திருந்தேன்.

அலை வரவில்லை. புரளி என்று போலீஸ்காரர்கள் சொல்லிப் போனார்கள். வெயில் தாழ்ந்தபோது அவர் முழங்கால் வரைக்கும் சேற்றோடு மண்டபத்துக்குள் வந்தார். ஊரே காலியான பிறகு அவர் என்னைத் தேடி வீட்டுக்குப் போயிருக்கிறார். “நீ கொல்லையில மயங்கிக் கெடக்குறியோன்னு அங்கியே தேடினேன்” என்றார். நான் அழுதேன். பெயரைச் சொன்னதை அவரிடம் சொல்லவில்லை.

பிறகுதான் நிஜமான பயம் ஆரம்பித்தது. அவர் இருமினால் எனக்குத் தூக்கிவாரிப்போடும். வேலைக்குப் போனால் பாம்பு ஞாபகம் வரும். மாசியில் அவருக்குக் காய்ச்சல் கண்டு வாய் பிதற்றியபோது என்னால் தாங்க முடியவில்லை. அவருடைய அக்காவின் கையைப் பிடித்துக்கொண்டேன். “அண்ணி, அன்னிக்கு மண்டபத்துல நான் அவரு பேரச் சொல்லிட்டேன்.”

அவள் திட்டுவாள் என்று நினைத்தேன். “நானா இருந்தாலும் சொல்லியிருப்பேன்” என்றாள். பிறகு, “எழுந்திரு, டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போலாம்” என்றாள்.

ஊசிக்கும் மாத்திரைக்கும் காய்ச்சல் இறங்கியது. அவர் கஞ்சி குடித்துக்கொண்டிருந்தபோது எல்லாவற்றையும் சொன்னேன். அவர் சிரிக்கவில்லை. “நான் அங்க இருந்து கேட்டிருக்கணும்” என்று மட்டும் சொன்னார்.

ஆனியில் பெண் பிறந்தாள். வேண்டுதலும் வேண்டாமையும் இல்லாத பெயராக அவரே யோசித்து வைத்தார். தேன் போன்ற பேச்சுடையவள் என்று அதற்கு அர்த்தம். இவ்வளவு நல்ல பெயருக்குக் கண் பட்டுவிடுமே என்று எனக்குக் கலக்கம். பெயர் வைக்கும் நாளில் காதில் சொல்ல வேண்டியது குழந்தையின் அத்தை, அவருடைய அக்காதான். அவளோ குழந்தையை என் மடியில் வைத்து, “நீயே சொல்லு” என்று தள்ளி உட்கார்ந்துகொண்டாள்.

குனிந்து, அந்தச் சின்னக் காதில் சொன்னேன். குழந்தை தூங்கிக்கொண்டுதான் இருந்தது.