ஸ்டெல்லா அக்காவின் இசைத்தட்டு

இன்று ரயில் ஆம்பூரைக் கடக்கையில் தோல் ஷாப்பு நாற்றம் உள்ளே நுழைந்ததும் ஸ்டெல்லா அக்காவின் இசைத்தட்டு மனதில் சுழல ஆரம்பித்தது. எழுபதுகளின் கடைசியில், ஊர் திரும்பிய வெளிநாட்டு டாக்டரம்மா ஒருவர், நர்ஸாக இருந்த அக்காவுக்குக் கொடுத்துப்போன ஜாஸ்-ராக் தட்டு அது. அவர் ஊரிலேயே யாரும் அதைச் சீண்டவில்லையாம். கிதாரும் டிரம்ஸும் ஒன்றையொன்று துரத்த, வீட்டுக்குப் பின்னாலிருந்த ஷாப்பில் தோல் பதனிடும் மரப் பீப்பாய்கள் கடகடவென்று உருள, அக்கா ஓரிடத்தில் உட்காரவே மாட்டாள்.

“இன்னாடி இது, ஒரே பேஜாரா இருக்குது!” என்பாள் அம்மா.

“இரும்மா, இப்பத்தான் புடிபடுது.”

ஒரு ஞாயிறு, சர்ச்சில் ஆர்கன் வாசித்த அக்காவின் கைகள் கீர்த்தனையின் நடுவே அந்தத் தாளத்துக்குத் தாவிவிட்டன. பாடகர் குழு தடுமாறி நின்றது. அடுத்த வாரம் ஆர்கனில் வேறொருவர் உட்கார்ந்திருந்தார். அக்கா அழவில்லை, என் பக்கத்தில் உட்கார்ந்து, ஆராதனை முடியும்வரை பெஞ்சுப் பலகையில் தட்டிக்கொண்டே இருந்தாள். நான் டிரம்ஸ் கற்றது அந்த விரல்களிடம்தான்.