ஆறாத ரிங்கில் விழுந்த நேர்க்கோடு

திரும்பி வந்த பெட்டியில் எழுபது சீல் ரிங் இருந்தது. கூட இருந்த எல்லா இன்ஸ்பெக்‌ஷன் கார்டிலும் என் கையெழுத்து. அதன் பக்கத்தில் சிவப்பு மையில் "வளைவு, ரிஜெக்ட்" என்று வாங்கியவர்கள் எழுதி அனுப்பியிருந்தார்கள்.

பெரியநாயக்கன்பாளையத்தில் பம்ப்புக்கு மெக்கானிக்கல் சீல் செய்யும் கம்பெனியில் நான் குவாலிட்டி இன்ஸ்பெக்டர். மோட்டாருக்குள் தண்ணீர் போகாமல் தடுப்பது சீல். இரண்டு ரிங்கின் முகம் ஒட்டியபடி சுற்ற வேண்டும். முகம் துளி வளைந்தாலும் கசியும். அந்த முகத்தைத் தேய்த்துச் சமமாக்குவது லேப்பிங் மெஷின் ஓட்டும் மாராத்தாளின் வேலை. சமமாக இருக்கிறதா என்று பார்ப்பது என் வேலை.

எப்படிப் பார்ப்போம்? நீங்கள் காலேஜ் பிசிக்ஸ் லேபில் ஏர் வெட்ஜ் என்று ரெக்கார்டு நோட்டில் வரைந்து, மார்க் வாங்கியதும் மறந்துவிடுகிறீர்களே, அதே சங்கதிதான். ரிங்கின் மேல் ஆப்டிகல் ஃபிளாட் என்ற சமமான கண்ணாடியை வைத்து, சோடியம் விளக்கைப் போடுவோம். கண்ணாடியின் அடிப்பக்கத்தில் பட்டுத் திரும்பும் ஒளியும் ரிங்கின் முகத்தில் பட்டுத் திரும்பும் ஒளியும் சேரும். அலைகள் ஒன்றையொன்று தூக்கிவிடும் இடம் மஞ்சள். ஒன்றையொன்று அழிக்கும் இடம் கறுப்புக் கோடு. ஒரு கோட்டிலிருந்து அடுத்த கோட்டுக்குப் போனால் நடுவிலுள்ள காற்று இடைவெளி அரை அலைநீளம் மாறியிருக்கும். அது ஒரு மில்லிமீட்டரில் மூவாயிரத்தில் ஒரு பங்குகூட இல்லை. கோடு எத்தனை என்பது முக்கியமில்லை, கண்ணாடி எவ்வளவு சாய்ந்திருக்கிறது என்றுதான் அது சொல்லும். கோடு நேராக இருக்கிறதா வளைகிறதா என்பதுதான் கேள்வி. "ஆறு கோடு இருக்குது, மோசம்" என்று எண்ணிச் சொல்கிற இன்ஜினியர்களை நான் பார்த்திருக்கிறேன். பற்றிக்கொண்டு வரும்.

திரும்பி வந்த ரிங்கை விளக்கடியில் வைத்தேன். கோடுகள் வில் மாதிரி வளைந்திருந்தன. போன வாரம் இதே ரிங்கில் நேர்க்கோட்டைப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட்டேன்.

மேனேஜர் ஒரு ஃபாரத்தோடு வந்தார்.

"ஏனுங்க மேடம், ரொம்ப யோசிக்காதீங்க. ஆபரேட்டர் தப்புன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டுருங்க. பார்ட்டிக்கு ஒரு காரணம் காட்டோணும்."

"காட்டிப்போட்டு?"

"மாராத்தாள நிறுத்திப்போடலாங்க. வேற ஆளு சொல்லி வச்சாச்சு."

"நேரா இருக்குதுன்னு நான் கையெழுத்துப் போட்டிருக்கேன். நான் என்ன கண்ணை மூடிட்டா பாத்தேன்?"

"உங்க பேரு வராதுங்க. அதை நான் பாத்துக்கறேன்."

அந்தக் கடைசி வார்த்தைதான் எனக்கு ஆகவில்லை. ஃபாரத்தை வாங்கி மேஜைக்குள் போட்டுப் பூட்டிவிட்டு மாராத்தாளிடம் போனேன். அவளுக்கு அதற்குள் விஷயம் தெரிந்திருந்தது.

"ஏனுங்க்கா, என்னைய நிறுத்தறாங்களாமா?"

"இன்னும் இல்லை. அந்த லாட் ஓட்டறப்ப என்ன பண்ணினே?"

"அன்னைக்கே சொன்னேனுங்களே, ரிங்கு கையில சுடுதுன்னு. ரஃப் லேப்புக்கும் ஃபைனலுக்கும் நடுவால ஆறப் போட வேண்டாம், டெஸ்பாட்ச் போகோணும்னு மேனேஜர் சொல்லிப்போட்டாரு. உங்ககிட்ட வந்து சொன்னேன். லைட்டுல நேராத்தான் தெரியுது, நீ போன்னு சொன்னீங்க."

சொன்னேன். அச்சாக அந்த வார்த்தைதான் சொன்னேன்.

தேய்க்கிற பக்கம் சூடேறினால் ரிங் லேசாக உப்பும். உப்பியபடியே தேய்த்துச் சமமாக்கினால், ஆறியதும் உள்வாங்கிக் குழியும். நானோ சூடு ஆறும் முன்பே விளக்கில் வைத்துப் பார்த்தேன். அந்த நிமிடம் ரிங் சமமாகத்தான் இருந்தது. விளக்கு அதைத்தான் காட்டியது.

மறுநாள் காலை முதலாளியைக் கூட்டி வந்தேன்.

"அம்மணி, பம்ப்புக்காரன் போன் மேல போன் போடறான். சுருக்கா காட்டுங்க."

"சுருக்கா காட்டித்தானுங்க இந்த வினை."

மேனேஜர் சொன்ன முறையில், ஆறப் போடாமல், மாராத்தாளைப் பத்து ரிங் ஓட்டச் சொன்னேன். விளக்கில் வைத்தேன். பத்தும் நேர்க்கோடு.

"நான் சொல்லலீங்களா? எம்முறையில ஒண்ணும் கோளாறு இல்லீங்க" என்று மேனேஜர் சிரித்தார்.

பத்தையும் கிரானைட் மேஜையில் வைத்தேன். யாரும் தொடக்கூடாது என்றேன். முதலாளி இரண்டு தடவை எழுந்தார்.

"உக்காருங்க. இன்னும் ஆறலை."

"ரிங்குக்குக் காவலா என்னைய உக்கார வெச்சுப்போட்டீங்களே" என்று முணுமுணுத்தார். ஆனால் உட்கார்ந்தார். ஒன்றரை மணி நேரம் கழித்து மறுபடி விளக்கில் வைத்தேன். பத்திலும் கோடு வளைந்திருந்தது. மதியம் மாராத்தாள் தன் முறையில், ஆறப் போட்டு, பத்து ஓட்டினாள். அதையும் அதே நேரம் காத்திருந்து பார்த்தோம். ஒன்றிலும் வளைவில்லை.

முதலாளி கண்ணாடியை விட்டுத் தலையைத் தூக்கவே இல்லை. "அப்பத் தப்பு யாருதுங்க?"

"ஆற விடாதேன்னது மேனேஜருங்க. சூட்டோட பாத்துக் கையெழுத்துப் போட்டது நான். சரியாச் சொன்னது மாராத்தா ஒருத்திதான்."

இதையே அந்த ஃபாரத்தில் எழுதி, என் பெயரை முழுதாகப் போட்டுக் கொடுத்தேன். மேனேஜர் ஒரு மாதம் என்னோடு பேசவில்லை. நிம்மதியாக இருந்தது.

அவளை நிறுத்த வேண்டாம் என்று முதலாளி சொன்னதை அன்று சாயங்காலமே மாராத்தாளிடம் சொன்னேன். அவள் சந்தோஷப்படுவாள் என்று நினைத்தேன்.

"சரிங்க்கா" என்றாள். மெஷினின் லேப்பிங் பிளேட்டைத் துடைத்துக்கொண்டே சொன்னாள்: "நேத்து எங்க ஊட்டுல ஒருத்தரும் சோறு திங்கலை. இனிமேலு நான் சுடுதுன்னு சொன்னா, அந்த லைட்டை அணைச்சுப்போட்டு ஒரு நிமிஷம் என்னன்னு கேளுங்க."

அன்றே இன்ஸ்பெக்‌ஷன் கார்டில் ஒரு கட்டம் சேர்த்தேன். ரிங் எத்தனை மணிக்கு ஆறியது என்று ஆபரேட்டர் தன் கையால் எழுத வேண்டிய கட்டம். டெஸ்பாட்ச் வண்டி வாசலில் நின்று ஹாரன் அடித்த நாட்களிலும், அந்தக் கட்டம் காலியாக இருந்தால் நான் விளக்கைப் போட்டதில்லை. ரிட்டயராகும் வரை போட்டதில்லை.