வாயால் சொல்லாதவர்களுக்கு இல்லை

பிஷப் வில்பிரட் ஞானாபரணத்தின் பேராயம் முழுவதையும் தாம்பரத்தில் பஸ் ஏறி ஒரே டிக்கெட்டில் பார்த்துவிட்டுத் திரும்பலாம். கிழக்குத் தாம்பரத்தில் ஆஸ்பெஸ்டாஸ் கூரை போட்ட ஒரு கோயில், கோவிலம்பாக்கத்தில் ஒரு வீட்டு மாடியில் இன்னொன்று. அவ்வளவுதான். சபையார் அத்தனை பேரையும் கல்யாண மண்டபத்தில் முதல் பந்தியிலேயே உட்கார வைத்துச் சாப்பாடு போட்டு அனுப்பிவிடலாம். ஆனால் மனுஷனுடைய கறார் இருக்கிறதே, அப்பப்பா, அது ஒரு தேசத்தையே கட்டி ஆளக் காணும்.

பிஷப் ஆவதற்கு முன்னால் அவர் கணக்கு வாத்தியார். விடை சரியாக இருந்தாலும் வழியை எழுதவில்லை என்றால் சைபர் போடுகிற வாத்தியார். அப்படி சைபர் வாங்கிய பையன்கள் பல பேர் அவரைத் திட்டிக்கொண்டே போனார்கள். டெனிஸ் என்று ஒருவன் மட்டும் அந்தப் பேப்பரைப் பத்திரமாக வைத்துக்கொண்டு, "சார் சரியாத்தான் போட்டார்" என்று ஊரெல்லாம் சொல்லித் திரிந்தான். பிற்பாடு அவனைத்தான் வில்பிரட் தன் கையால் குருவானவராக அபிஷேகம் செய்தார்.

முன்பு இருந்த பெரிய சபையை விட்டு அவர் வெளியே வந்த கதையை யூனிஸ் நூறு தடவை கேட்டிருக்கிறாள். கேட்பதென்ன, கூடவே எழுந்து வந்தவளே அவள்தானே, கட்டின மனைவி. ஒரு ஞாயிற்றுக்கிழமை பீடத்தில் ஒரு பெண் குருவானவர் நற்கருணை அப்பத்தைக் கையில் எடுத்தார். வில்பிரட் நடு ஆராதனையில் எழுந்தார், குடையை எடுத்தார், நடந்தார். அவர் பின்னால் யூனிஸும், யூனிஸின் தங்கை ரத்தினபாயும். ரத்தினபாய் கல்யாணம் செய்துகொள்ளாமல் அவர்கள் வீட்டிலேயே இருந்தவள், பள்ளிக்கூடத்தில் தையல் டீச்சர். அவளுக்கு அந்தப் பெண் குருவானவரை ரொம்பப் பிடித்திருந்தது. இருந்தாலும் அக்கா எழுந்ததும் அவளும் எழுந்துவிட்டாள்.

இரண்டாயிரத்து ஒன்றில் வெளிநாட்டிலிருந்து ஒரு வயசான வெள்ளைக்கார பிஷப் வந்து, வாடகை மண்டபத்தில், ஜெனரேட்டர் சத்தத்துக்கு நடுவே வில்பிரட்டின் தலையில் கை வைத்து அவரை பிஷப்பாக்கிவிட்டுப் போனார். அன்றைக்கு அவர் போட்டிருந்த ஊதா அங்கிக்குத் துணி எடுத்து, ராவும் பகலுமாகத் தைத்துக் கொடுத்தவள் ரத்தினபாய்தான். பீடத்து விரிப்பு, நோயாளிகள் வீட்டுக்கு நற்கருணை கொண்டுபோகும்போது விரிக்கிற சின்ன வெள்ளைத்துணி, எல்லாம் அவள் கைவேலைதான். "அத்தான் இனிமே பிஷப் அத்தான்" என்று கேலி செய்வாள். அவர் சிரிக்கமாட்டார்.

அதற்குப் பிறகு சட்டம் என்றால் சட்டம்தான். கிறிஸ்டி என்று ஒரு பெண், பனையூர்க் குப்பத்துக் கார்த்தியைக் கட்டிக்கொண்டாள். கோயிலில் இல்லை, ரிஜிஸ்டர் ஆபீஸில். அடுத்த நற்கருணை ஞாயிறு அவள் எல்லோரோடும் வந்து முழங்கால் போட்டாள். பிஷப் ஒவ்வொருவருக்கும் அப்பம் கொடுத்துக்கொண்டே வந்தார். கிறிஸ்டியின் எதிரில் வந்ததும் இடது உள்ளங்கையால் பாத்திரத்தை மூடிக்கொண்டு அடுத்த ஆளுக்குப் போய்விட்டார். நீட்டிய கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் அந்தப் பெண் அப்படியே இருந்தாள். வெளியே வந்து சபையார் என்ன பேசிக்கொண்டார்கள் தெரியுமா? "பிஷப்னா இவர்தாங்க பிஷப்." யூனிஸும் தலையாட்டினாள். அவளையும் சும்மா சொல்லக்கூடாது, பெருமையாகத்தான் இருந்தது அவளுக்கு.

இரண்டாயிரத்து நாலில், ஈஸ்டருக்கு முந்தின தபசு காலத்தில் ரத்தினபாய்க்குப் பக்கவாதம் வந்தது. ஒரு பக்கம் விழுந்துவிட்டது. பேச்சு அடியோடு போய்விட்டது. புத்தி மட்டும் தெளிவாக இருந்தது, அதுதான் கொடுமை. சாப்பாடு வேண்டாம், மாத்திரை வேண்டாம், கண் எந்நேரமும் பீரோவின் மேலேயே இருந்தது. அந்த பீரோவில்தான் நோயாளிகளுக்கான வெள்ளிப் பாத்திரம் இருந்தது. யூனிஸுக்குப் புரிந்துவிட்டது.

"ஏங்க, ரத்தினத்துக்கு நற்கருணை வேணுமாம். சாகிறதுக்குள்ள ஒரு தடவை குடுத்துடுங்க."

"பாவ அறிக்கை சொல்லணுமே."

"அவளால எப்படிங்க சொல்ல முடியும்? கண்ணால சொல்றா பாருங்க. கேட்டா இமையை மூடித் திறக்கிறா."

"கண்ணால சொல்றதுங்கிறது நம்ம முறையில கிடையாது, யூனிஸ். வாயால அறிக்கை பண்ணணும், வாயால ஆமென் சொல்லணும். நம்ம வீட்டு ஆளுன்னு நான் மாத்தினா, நாளைக்கு எவனை நான் நிறுத்த முடியும்?"

யூனிஸ் அவர் காலைப் பிடித்தாள். நிஜமாகவே குனிந்து பிடித்தாள். அவர் காலை நகர்த்திக்கொண்டு, ரத்தினபாயின் கட்டிலருகே போய் நின்று, பாடம் நடத்துகிற குரலில் சொன்னார்: "விசுவாசம் இருந்தா போதும்மா. வாயில வாங்காட்டாலும் வாங்கின மாதிரிதான்." ரத்தினபாய் அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள். கண்ணை மூடினாள், திறந்தாள், மூடினாள், திறந்தாள். அவர் ஜெபித்துவிட்டு வெளியே போய்விட்டார். அந்த வாரமே அவள் போய்ச் சேர்ந்தாள்.

அடக்க ஆராதனையில் வில்பிரட் அதையே பிரசங்கமாக்கினார். சொந்த மைத்துனிக்காகக்கூட தேவனுடைய ஒழுங்கை வளைக்கவில்லை என்றார். சபையே மூக்கைச் சிந்தியது. டெனிஸ் விசும்பி விசும்பி அழுதான். பெட்டிக்கு அந்தப் பக்கம் முக்காட்டோடு உட்கார்ந்திருந்த யூனிஸ் தன் புருஷனை அந்த நிமிஷம் அடிவயிற்றிலிருந்து வெறுத்தாள். வெறுத்து என்ன செய்ய? வீட்டுக்குப் போய் அவருக்குச் சர்க்கரை இல்லாமல் காபி போட்டுக் கொடுத்தாள். பிஷப்பம்மா வேறென்ன செய்வாள்?

நாலு வருஷம் கழித்து, கிறிஸ்துமஸுக்கு முந்தின மாதம், வில்பிரட் பாத்ரூமில் விழுந்தார். வலது கை, வலது கால், பேச்சு, மூன்றும் ஒரே அடியில் போய்விட்டது. ஆஸ்பத்திரியிலிருந்து வீட்டுக்கு அனுப்பும்போதே டாக்டர் சொல்லிவிட்டார், பக்கவாதம் இன்னொரு தடவை வந்தால் தாங்காது என்று. அதே அறை, அதே கட்டில். கூடமாட ஒத்தாசைக்குப் பாப்பா என்று ஒருத்தி வந்தாள். கோவளம் பக்கம் மீன் விற்றுக்கொண்டிருந்தவள், அதை விட்டுவிட்டு நோயாளிகளைப் பார்த்துக்கொள்கிற வேலைக்கு வந்திருந்தாள்.

அவருக்கு மிஞ்சியது இடது கை. அதை வைத்துத்தான் யூனிஸ் ஒரு வழி கண்டுபிடித்தாள். அவர் கைக்குள் விரலைக் கொடுத்துக் கேட்பாள். அமுக்கினால் ஆமாம், தளர்த்தினால் வேண்டாம். கஞ்சியா, திரும்பிப் படுக்கணுமா, ஜன்னலைத் திறக்கட்டுமா, எல்லாம் அப்படித்தான். பாப்பாவும் பழகிக்கொண்டாள்.

ஒரு நாள் காலை பாப்பாதான் கூப்பிட்டாள். "எம்மா, ஐயா அந்த பீரோவையே பாத்துகினு கீறாரு. இன்னாமோ வேணும் போல கீது. நீ கொஞ்சம் வந்து கேளேன்."

யூனிஸ் வந்தாள். பீரோவைப் பார்த்தாள். அவரைப் பார்த்தாள். அவருடைய கண்ணில் தண்ணீர் நின்றது. அந்த மனுஷன் கண்ணில் தண்ணீரை அவள் அதுவரை பார்த்ததே இல்லை.

"நற்கருணையா?"

விரல் நொறுங்குகிற மாதிரி அமுக்கினார்.

அவள் டெனிஸுக்குப் போன் போட்டாள். அன்று சாயங்காலமே டெனிஸ் வெள்ளை அங்கியோடு வந்துவிட்டார். இப்போது சபை முழுக்க அவர் கையில்தான். பீரோவிலிருந்து பாத்திரத்தை எடுத்து, ஸ்டூலின் மேல் ரத்தினபாயின் வெள்ளைத்துணியை விரித்து வைத்தார். மூலையில் அவள் பின்னிய திராட்சைக்கொத்து அப்படியே இருந்தது. யூனிஸ் அதைப் பார்த்துக்கொண்டே நின்றாள். பிறகு திரும்பி, "பாப்பா, கடைக்குப் போய்ப் பால் வாங்கிட்டு வா" என்றாள்.

"பால் கீதேம்மா."

"போன்னா போ."

பாப்பா முணுமுணுத்துக்கொண்டே செருப்பை மாட்டினாள். யூனிஸ் கட்டிலில் உட்கார்ந்து அவருடைய இடது கையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள்.

டெனிஸ் பாவ அறிக்கையை நிறுத்தி நிறுத்திச் சொன்னார். சொல்லிவிட்டுக் காத்திருந்தார். வில்பிரட்டின் வாய் கோணிக்கொண்டு திறந்தது, எச்சில் வழிந்தது, சத்தம் வரவில்லை. டெனிஸ் மறுபடியும் சொன்னார்.

"அம்மா, ஐயா போட்ட சட்டம் இது. சொந்த மைத்துனிக்கே மாத்தாதவர். அவருக்காக நான் மாத்தினா ஐயா என்னை மன்னிப்பாரா? ஆனா நான் ஒண்ணு நினைக்கிறேன். ஏதாவது ஒரு ஜாடை இருந்தாக்கூட நான் அதை ஆமென்னு எடுத்துக்கிறேன். பழி என் தலைமேல இருக்கட்டும். உங்களுக்குத்தான் அவர் ஜாடை தெரியும். ஐயா ஏதாவது சொல்றாராம்மா?"

முந்தானை மறைவில் யூனிஸின் விரலை வில்பிரட் அமுக்கினார். விட்டார். அமுக்கினார். எலும்பு வலித்தது அவளுக்கு. அந்தக் கையில் இவ்வளவு பலம் இன்னும் பாக்கியிருக்கிறதா என்று ஆச்சரியமாக இருந்தது. கண்ணை மூடித் திறந்து, மூடித் திறந்து கேட்டாளே ரத்தினம், அவளுக்கும் இப்படித்தான் இருந்திருக்கும் என்று நினைத்தாள்.

"இல்ல டெனிஸ்" என்றாள். "ஒண்ணும் சொல்லல."

டெனிஸ் முகத்தை மூடிக்கொண்டு கொஞ்ச நேரம் அழுதார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு, குருவிடம் கற்ற பாடத்தைக் குருவுக்கே ஒப்பிக்கிற மாணவனாகக் கட்டிலருகே குனிந்தார். "ஐயா, விசுவாசம் இருந்தா போதும். வாயில வாங்காட்டாலும் வாங்கின மாதிரிதான்." பாத்திரத்தை இடது உள்ளங்கையால் மூடி எடுத்துப் பையில் வைத்தார். ஐயா செய்வதைப் பார்த்துப் பார்த்து அவருக்கும் அந்தப் பழக்கம் வந்திருந்தது. வெள்ளைத்துணியை மடிக்கப் போனவரை யூனிஸ் தடுத்து, "அது இங்கேயே இருக்கட்டும்" என்றாள்.

அவர் போன பிறகு அவள் கஞ்சியை ஆற்றினாள். வில்பிரட் அவளை விட்டுக் கண்ணை எடுக்கவில்லை. தெரியாமல் செய்தாளா, தெரிந்து செய்தாளா என்று கேட்கிற பார்வை. பாவம், அது தெரியாமல் தூங்கவேமாட்டார் போலிருந்தது.

யூனிஸ் குனிந்து அவர் வாயோரத்து எச்சிலைத் துடைத்தாள். காதுக்குப் பக்கத்தில் போய், குழந்தைக்குச் சொல்கிற மாதிரி மெதுவாகச் சொன்னாள்.

"நீங்க ஆமான்னு சொன்னது எனக்கு நல்லாவே புரிஞ்சுதுங்க."

அவர் கை அவள் விரலைத் தேடிப் படுக்கையில் தடவியது. அவள் கையைத் தள்ளி வைத்துவிட்டு, ஒரு ஸ்பூன் கஞ்சியை எடுத்து, "வாயைத் திறங்க" என்றாள்.