வெறுங்காலோடு கியோட்டோ

சிதம்பரம் மேல வீதியில் ஒரு மாடியில் இருக்கிறது டிராவல்ஸ் ஆபீஸ். ஜப்பானில் கியோட்டோ நகரம், இரண்டு நாள் கடைவீதி, இரண்டு நாள் கோயில் என்ற விளம்பரத்தைப் பார்த்துவிட்டு, குறிஞ்சிப்பாடியிலிருந்து பஸ் ஏறி வந்திருக்கிறேன். எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போன முதல் ஆள் நான். பாஸ்போர்ட் எடுத்த முதல் ஆளும் நான்தான். அந்தப் பாஸ்போர்ட்டைத்தான் டிராவல்ஸ் முதலாளி கேட்கிறார்.

"குடுத்துட்டுப் போ பாப்பா. விசா எடுத்து வச்சிடுறேன்."

கைப்பையை மடியில் இறுக்கிக்கொள்கிறேன். போன தடவை கியோட்டோ போன கூட்டம் என்று சுவரில் ஒரு படம். பின்னால் பெரிய மரக்கோயில். எல்லாரும் ஸ்வெட்டரும் குல்லாவுமாக நிற்கிறார்கள். ஆனால் ஒருவர் காலிலும் செருப்பு இல்லை.

"சார், இது ஸ்டுடியோவுல எடுத்த படமா? அந்தக் குளிர்ல வெறுங்காலோட யாரு நிப்பாங்க?"

அவர் சிரித்துவிடுகிறார்.

"நம்ம ஜனம் நிக்கும்! கோயிலப் பாத்ததும் ரோட்டு வாசல்லயே கழட்டிட்டாங்க. உள்ளாரப் போயி கழட்டுனாப் போதும்னு கைடு கெஞ்சுறான், யாரு கேட்டாங்க? ஜல்லியில நடந்து எங்க மாமாவுக்குக் காலே வெடிச்சிப்போச்சு."

என் செருப்பும் மாடிப்படிக்குக் கீழேதான் கிடக்கிறது. கழற்றும்படி யாரும் சொல்லவில்லை.

பாஸ்போர்ட்டை வெளியே எடுக்கிறேன்.

"இன்னிக்கு ஜெராக்ஸ் மட்டும் எடுத்துக்குங்க சார். விசாவுக்கு அனுப்புற அன்னிக்கு நானே கொண்டாறேன்."

ஜெராக்ஸ் மெஷின் பக்கத்து அறையில் இருக்கிறது. வெறுங்காலோடு அவர் பின்னாலேயே போகிறேன்.